சிப்பாயின் சம்பளக் கணக்கு

பட்டாளத்தில் சேர்ந்தால் மாதம் எவ்வளவு கிடைக்கும்? ஜவ்வாது மலையில் பிள்ளையை இராணுவத்துக்கு அனுப்ப நினைக்கும் தகப்பன் எவனும் முதலில் கேட்கும் கேள்வி இதுவே. தேசபக்தியைப் பற்றிப் பேச வேண்டிய இடத்தில் பணத்தைப் பற்றிக் கேட்கிறானே என்று யாரும் முகஞ்சுளிக்க வேண்டுவதில்லை. பணத்துக்குக் குறைவில்லாதவர்களே தேசபக்தியைப் பணத்தினின்றும் பிரித்துப் பேச வல்லவர்கள். மானாவாரி நிலத்தில் சாமையை விதைத்துவிட்டு மழையை எதிர்நோக்கி நிற்பவனுக்குக் கணக்குக் கேட்கும் உரிமை பூரணமாக உண்டு. கேள்வி நியாயமானது. அவனுக்குச் சொல்லப்படும் பதில்தான் அரைகுறையாக இருக்கிறது. மாதம் முப்பதாயிரம் என்று ஓர் எண்ணைச் சொல்லி அவனை அனுப்பிவிடுகிறார்கள். சிப்பாயின் ஊதியம் ஒரே எண்ணில் அடங்குவதன்று. அடிப்படைச் சம்பளம், படிகள், பிடித்தம், பென்ஷன் என்று அது பல கூறாகப் பிரிந்து நிற்பது. அக்கூறுகளில் மிகப் பெரியது அவன் உடுப்பைக் கழற்றிய பிறகு வருவது. 2022ஆம் வருஷத்துக்குப் பின் சிப்பாயாகச் சேர்பவர்களில் 100க்கு 75 பேருக்காவது அந்தக் கூறே கிடையாது. இதைத் தெரிந்துகொண்டு சேர்வது வேறு. தெரியாமல் சேர்வது வேறு.

ஜவ்வாது மலை திருவண்ணாமலை, வேலூர், திருப்பத்தூர் ஆகிய மூன்று ஜில்லாக்களில் பரந்து கிடப்பது. அங்கே வாழ்வோரிற் பெரும்பாலோர் மலையாளி என்னும் பழங்குடி மக்கள். பேரைக் கண்டு மயங்க வேண்டாம். இவர்கள் கேரளத்தாரல்லர், தமிழ் பேசும் மலைவாசிகள். சாமையும் கேழ்வரகும் தேனும் புளியும் பலாவுமே அவர்களுடைய செல்வம். இவற்றைக் கொண்டு வருஷம் முழுவதும் குடும்பம் நடத்துவது இயலாது. ஆகவே வாலிபர்கள் மலையை விட்டு இறங்குகிறார்கள். இறங்குபவர்கள் எங்கே போய்ச் சேருகிறார்கள் என்பதை 2015ஆம் வருஷம் ஏப்ரல் 7ஆம் தேதி தேசம் முழுவதும் அறிந்தது. அன்று சேஷாசல வனத்தில் ஆந்திரப் போலீஸாரின் துப்பாக்கிகளுக்குத் தமிழ்த் தொழிலாளர் 20 பேர் இரையானார்கள். செம்மரம் வெட்ட வந்தவர்கள் என்றது போலீஸ். மாண்டவர்களிற் பலர் திருவண்ணாமலை ஜில்லாவினர். இம்மலையைச் சார்ந்தவர்களும் அவர்களில் இருந்தனர். மரத்தை விற்றுக் கோடி சேர்த்தவன் யாரோ. சில நாட் கூலிக்காகக் கோடரி எடுத்தவன்தான் பிணமானான்.

இதே மலையின் அடிவாரப் பக்கத்தில், வேலூர் ஜில்லாவில், கண்ணமங்கலத்துக்கு அண்மையில் கம்மவான்பேட்டை என்றோர் ஊர் இருக்கிறது. தலைமுறை தலைமுறையாகச் சிப்பாய்களை அனுப்பிவந்த காரணத்தால் பட்டாளத்து ஊர் என்றே பேர்பெற்றது. அவ்வூர்க் கிழவர்களுக்கு இராணுவக் கணக்கு எவரும் கற்பிக்க வேண்டுவதில்லை. எந்தப் படி எந்த இடத்தில் சேரும், எப்பொழுது நின்றுபோகும், பென்ஷன் எப்படிக் கணக்கிடப்படும் என்பதெல்லாம் பாட்டன், தகப்பன், மகன் என்று திண்ணையிலேயே கைமாறி வந்த கல்வி. மலைமேல் இருப்பவனுக்கு அந்தத் திண்ணை இல்லை. அவன் கையிலிருப்பது விளம்பரத் தாள் ஒன்றுதான். ஆகவேதான் இக்கணக்கைச் சிறிது விஸ்தாரமாகவே எடுத்துரைக்க விரும்புகிறோம்.

முதலில் படி என்ற சொல்லைப் பார்ப்போம். தானியம் அளக்கும் அளவைக்கும் படி என்று பேர். சம்பளத்துக்கு மேற்பட்டுக் கொடுப்பதற்கும் படி என்று பேர். சம்பளம் என்பதே சம்பா நெல்லும் அளத்து உப்பும் சேர்ந்து பிறந்த சொல் என்பாரும் உளர். அது பண்டிதர்கள் பாடு. ஒன்று மட்டும் நிச்சயம். படி என்பது வயிற்றைச் சார்ந்த விஷயம். ஆனால் சம்பளத்தைப்போல் நிலைத்து நிற்பதன்று. கொடுப்பவன் நினைத்தால் சேர்ப்பான், நினைத்தால் எடுப்பான்.

அப்படி எடுத்த கதை ஒன்றைக் கேளுங்கள். கும்பினி ராஜ்யத்தில் காலாட்சிப்பாய்க்கு மாதச் சம்பளம் 7 ரூபாய். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பெரும்பகுதியும் அது 7 ரூபாயாகவே நின்றது. உணவு அவன் சொந்தச் செலவு. ஆனால் அந்நிய நாட்டுக்குப் போருக்குப் போனால் 'பத்தா' என்ற படி சேரும். நம்முடைய மோட்டார் ஓட்டிகள் இன்றும் பேட்டா என்கிறார்களே, அதே சொல்தான். அந்தப் பத்தாவை நம்பித்தான் சிப்பாய் ஊரைவிட்டுப் புறப்படுவான். 1843ல் சிந்து தேசத்தைக் கும்பினியார் பிடித்தார்கள். பிடித்தவுடன் அவர்கள் செய்த தர்க்கத்தைப் பாருங்கள். சிந்து இனி அந்நிய நாடன்று, நம்முடைய ராஜ்யமே. ஆகையால் அங்கே காவலிருப்பவனுக்குப் பத்தா இல்லை என்றார்கள். எந்தச் சிப்பாய் இரத்தஞ் சிந்தி அந்நாட்டை வென்று கொடுத்தானோ, வென்ற குற்றத்துக்காகவே அவன் படி பறிபோயிற்று. வங்காளத்துச் சிப்பாய்கள் சிந்துவுக்குப் போக மறுத்தார்கள். 1844ல் ஒரு பட்டாளம் முழுவதையும் கலைத்துவிட்டார்கள். சென்னைப் பட்டாளம் ஒன்றுக்குப் படி உண்டு என்று வாக்களித்துப் பம்பாய்வரை கொண்டுபோய், அங்கே அவ்வாக்கை ரத்துச் செய்தார்கள். அச்சிப்பாய்கள் அணிவகுப்பில் நின்றே முறையிட்டார்கள்.

வேலூர்க் கோட்டையில் 1806ஆம் வருஷம் ஜூலை 10ஆம் தேதி வெடித்த புரட்சிக்குத் தலைப்பாகையும், நெற்றிக் குறியும், தாடியும் காரணமென்று நாம் படித்திருக்கிறோம். அது மெய். மானம் போன இடத்தில்தான் வாள் உருவப்படுகிறது. ஆயினும் மானத்தையும் சம்பளத்தையும் சிப்பாய் தனித்தனியே எண்ணுவதில்லை. 1946ஆம் வருஷம் பிப்ரவரி 18ஆம் தேதி பம்பாயில் 'தல்வார்' கப்பல்நிலையத்து மாலுமிகள் வேலைநிறுத்தம் தொடங்கியபொழுது, கெட்ட உணவும், வெள்ளை அதிகாரிகளின் வசைச்சொல்லும், வெள்ளை மாலுமிக்கு ஒரு சம்பளம் நமக்கு ஒரு சம்பளம் என்ற பேதமும் ஒரே கோரிக்கைத் தாளில் அடுத்தடுத்து நின்றன. தன்னை என்ன விலைக்கு மதிக்கிறார்கள் என்பதைச் சிப்பாய் சம்பளச் சீட்டில்தான் படிக்கிறான்.

இனி இக்காலத்துக் கணக்குக்கு வருவோம். 2022க்கு முந்திய முறைப்படி சேர்ந்த நிரந்தரச் சிப்பாயை எடுத்துக்கொள்வோம். ஏழாவது சம்பளக் கமிஷனின்படி அவனுடைய ஆரம்ப அடிப்படைச் சம்பளம் ரூ. 21,700. இதன்மேல் இராணுவச் சேவைச் சம்பளம் என்று ரூ. 5,200. பட்டாளத்து வாழ்க்கையின் கடுமைக்காகச் சிவில் உத்தியோகஸ்தருக்கு இல்லாத இந்தத் தொகையைக் கொடுக்கிறார்கள். இரண்டும் சேர்ந்து ரூ. 26,900. இந்தக் கூட்டுத்தொகையின்மேல் அகவிலைப்படி கணக்காகும். விலைவாசி ஏற ஏற வருஷத்துக்கு இருமுறை இப்படியை உயர்த்துவது வழக்கம். 2024 ஜனவரியில் 100க்கு 50 ஆயிற்று. 2025 ஜூலையில் 100க்கு 58 ஆயிற்று. கணக்குக்கு எளிதாக 50ஐயே வைத்துக்கொண்டால் ரூ. 13,450. ஆக மொத்தம் ரூ. 40,350. இதிலிருந்து சேமநிதிக்கும் இன்ஷ்யூரன்ஸுக்கும் ஒரு பகுதி பிடிக்கப்படும். பிடித்தம் நஷ்டமன்று, ஒரு பகுதி பின்னர் வட்டியோடு வரும். ஆனால் கைக்கு வருவதும் ஏட்டில் நிற்பதும் வெவ்வேறு என்பதை மட்டும் முதலிலேயே மனத்தில் வைக்க வேண்டும்.

இவையன்றி இடத்துக்கேற்ற படிகள் உண்டு. பனிமலையில் ஒன்று, கலகப் பிரதேசத்தில் ஒன்று, எல்லைக் களத்தில் ஒன்று. இவற்றுள் தலையாயது சியாச்சின் படி. 2017ல் சர்க்கார் அதைச் சிப்பாய்க்கு ரூ. 14,000லிருந்து ரூ. 30,000ஆகவும், அதிகாரிக்கு ரூ. 21,000லிருந்து ரூ. 42,500ஆகவும் உயர்த்தினார்கள். உயர்த்தியது நல்லதே. ஆனால் சியாச்சினில் அடிக்கும் பனிக்காற்று தோளிலுள்ள நட்சத்திரத்தைப் பார்த்து அடிப்பதில்லை. குளிருக்கு ஈடாகக் கொடுக்கும் படியில் இந்தப் பேதம் எதற்கு? இராணுவச் சேவைச் சம்பளத்திலும் அப்படியே. சிப்பாய்க்கு ரூ. 5,200, அதிகாரிக்கு ரூ. 15,500. பொறுப்புக்குத் தக்க சம்பளம் அடிப்படைச் சம்பளத்திலேயே இருக்கிறது. அதை நாம் ஆட்சேபிக்கவில்லை. கஷ்டத்துக்குத் தரும் கூலியிலும் மும்மடங்கு வித்தியாசம் எதற்கு என்றுதான் கேட்கிறோம். இது கும்பினியார் விட்டுப்போன பழக்கங்களில் ஒன்று.

இடத்துப் படிகளைப் பற்றி மலைவாசிக்கு ஓர் எச்சரிக்கை. விடுமுறையில் வந்த சிப்பாய் ஒருவன் எனக்கு இவ்வளவு வருகிறது என்று சொன்னால், அவன் அப்பொழுது எங்கே இருக்கிறான் என்று கேட்க வேண்டும். பனிமலையிலிருந்து சமவெளிக்கு மாற்றிய மாதமே அந்தப் படி நின்றுவிடும். அதை நம்பிக் கடன் வாங்கியவன் அகப்பட்டுக்கொள்வான். குடும்பச் செலவை அடிப்படைச் சம்பளம், சேவைச் சம்பளம், அகவிலைப்படி மூன்றின்மேல் மட்டுமே கட்ட வேண்டும். மற்றப் படிகள் வந்தால் வரவு, வராவிட்டால் குறையில்லை என்று வைத்துக்கொள்வதே புத்தி.

இப்பொழுது பென்ஷனைப் பார்ப்போம். இதுவே கணக்கின் ஜீவநாடி. நிரந்தரச் சிப்பாய் 15 வருஷம் சேவை முடித்தால் பென்ஷனுக்கு உரியவன். கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளமும் சேவைச் சம்பளமும் சேர்ந்த தொகையில் பாதி அவனுக்கு ஆயுள் முழுவதும் கிடைக்கும். பதவி உயர்வே பெறாதவன் என்று வைத்துக்கொண்டாலும், வருஷத்துக்கு 100க்கு 3 வீதம் ஏறிப் பதினைந்தாம் வருஷத்தில் அடிப்படைச் சம்பளம் ரூ. 33,000 ஆகும். சேவைச் சம்பளத்தோடு ரூ. 38,200, அதில் பாதி ரூ. 19,100. இருபது வயதில் சேர்ந்து முப்பத்தைந்தில் வெளிவந்தவன் எழுபது வயதுவரை இருந்தான் என்றால், 35 வருஷத்துக்கு ரூ. 80,22,000. அகவிலை நிவாரணத்தை இதில் நாம் சேர்க்கவேயில்லை, அதுவும் உண்டு. அவன் காலஞ்சென்றால் மனைவிக்குக் குடும்ப பென்ஷன் உண்டு. முன்னாள் இராணுவத்தினருக்குரிய வைத்திய வசதியும் உண்டு. கம்மவான்பேட்டை போன்ற ஊர்களுக்கு ஆதாரமாய் நிற்பது மாதச் சம்பளத்தைக் காட்டிலும் இந்தப் பென்ஷன்தான். ஒரே பதவி, ஒரே பென்ஷன் வேண்டுமென்று 2015ல் டெல்லி ஜந்தர் மந்தரில் கிழச் சிப்பாய்கள் மாதக்கணக்காக உட்கார்ந்ததும், அவ்வருஷம் நவம்பரில் சர்க்கார் அதற்கு உத்தரவு போட்டதும் நமது வாசகர்கள் அறிந்தவையே.

2022ஆம் வருஷம் ஜூன் 14ஆம் தேதி அக்னிபத் திட்டம் வந்தது. அது முதல் சாதாரணச் சிப்பாய் பதவிக்கு வாசல் அது ஒன்றே. அதில் சேர்பவனுக்கு அக்னிவீர் என்று பேர். சேவை 4 வருஷம். முதல் வருஷம் மாதம் ரூ. 30,000, இரண்டாம் வருஷம் ரூ. 33,000, மூன்றாம் வருஷம் ரூ. 36,500, நான்காம் வருஷம் ரூ. 40,000. இந்த முப்பதாயிரம்தான் விளம்பரத்தில் வருவது. இதில் 100க்கு 30 பிடித்தம். கைக்கு வருவது முதல் வருஷம் மாதம் ரூ. 21,000, அடுத்து ரூ. 23,100, பின்னர் ரூ. 25,550, முடிவில் ரூ. 28,000. நான்கு வருஷமும் சேர்த்து ரூ. 11,71,800 கைக்கு வருகிறது. பிடித்த தொகை ரூ. 5,02,200. அதே அளவு தொகையைச் சர்க்காரும் போட்டு, வட்டியும் சேர்த்து, முடிவில் சுமார் 11 லட்சத்து 71 ஆயிரம் ரூபாய் சேவா நிதி என்று தருகிறார்கள். இதற்கு வருமான வரி இல்லை. ஆபத்துப் படி, கஷ்டப் படி, உணவு, உடை, பிரயாணம் ஆகியவை நிரந்தரச் சிப்பாய்க்குப்போலவே உண்டு.

இல்லாதவை எவை என்றும் சொல்ல வேண்டுமல்லவா? இராணுவச் சேவைச் சம்பளம் இல்லை. அகவிலைப்படி இல்லை. 2022ல் அறிவித்த முப்பதாயிரத்துக்குக் கடைத்தெருவில் வருஷாவருஷம் மதிப்புக் குறைந்தாலும் அதை ஈடுசெய்ய வழியில்லை. பணிக்கொடை இல்லை, பென்ஷன் இல்லை, முன்னாள் இராணுவத்தினன் என்ற அந்தஸ்தும் அதைச் சார்ந்த வைத்திய வசதியும் இல்லை. சேவா நிதி 11 லட்சத்து 71 ஆயிரம் என்று கேட்டவுடன் மலைவாசிக்குக் கண் விரிவது இயற்கை. அதில் 5 லட்சத்துக்குமேல் அவனுடைய சொந்தச் சம்பளமே என்பதை எடுத்துச் சொல்பவர் வேண்டும். அந்தத் தொகை முழுவதையும் செலவழிக்காமல் 100க்கு 7 வட்டிக்குப் போட்டான் என்று வைத்துக்கொள்வோம். மாதம் ரூ. 6,830 வரும். நிரந்தரச் சிப்பாயின் ரூ. 19,100 பென்ஷனோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். முன்னது விலைவாசியோடு ஏறாது, பின்னது ஏறும். ஒருவன் 15 வருஷம் உழைத்தான், மற்றவன் 4 வருஷமே உழைத்தான் என்று சொல்லலாம். சரிதான். ஆனால் நான்கு வருஷத்தோடு நிறுத்தியது அவன் விருப்பமா? ஒவ்வொரு தொகுதியிலும் 100க்கு 25 பேர்வரை மட்டுமே எடுத்துக்கொள்வது என்பது சர்க்கார் வகுத்த விதி.

சர்க்கார் தரப்பு நியாயத்தையும் மறைக்காமல் கூறுகிறோம். படையின் சராசரி வயது 32ஆக இருக்கிறது, அதை 26ஆகக் குறைக்க வேண்டும் என்றார்கள். மலையேறிப் போரிட வாலிபர்கள் வேண்டும் என்பதில் யாருக்கும் அபிப்பிராய பேதமில்லை. கார்கில் யுத்தத்துக்குப் பின் அமைந்த பரிசீலனைக் குழுவே சேவைக் காலத்தைக் குறைக்கச் சொல்லிற்று. ஆனால் அக்குழு சொன்னது 7 முதல் 10 வருஷம். அதற்குப் பிறகு அவர்களைத் துணைப்படைகளுக்கு அனுப்ப வேண்டும் என்றும் அதே மூச்சில் சொல்லிற்று. நான்கு வருஷம் என்பதை அந்த அறிக்கையில் நாம் காணவில்லை. பணக்கணக்கும் இருக்கிறது. 2022-23ஆம் வருஷத்துப் பாதுகாப்பு பட்ஜெட் சுமார் 5 லட்சத்து 25 ஆயிரம் கோடி. அதில் பென்ஷனுக்கு மட்டும் சுமார் 1 லட்சத்து 19 ஆயிரம் கோடி. நூற்றுக்கு 22க்கும் மேல். இச்சுமையைக் குறைப்பது நோக்கமானால், அதை நேராகச் சொல்லி ஜனங்களோடு விவாதிக்கலாமே.

1931ல் கராச்சி காங்கிரஸ் இராணுவச் செலவைப் பாதியாகக் குறைக்க வேண்டுமென்று தீர்மானித்தது. அன்று அந்தச் செலவு நம்மை அடக்கி வைத்த படைக்கு நாமே கொடுத்த கூலி. இன்று படை நம்முடையது. சிக்கனம் செய்வதானால் எங்கே தொடங்குவது என்பதும் நம்முடைய தீர்மானமாக இருக்க வேண்டும். அடித்தட்டுச் சிப்பாயின் பென்ஷனிலிருந்து அதைத் தொடங்கியது நமக்குச் சம்மதமில்லை. அதிகாரிகளுடைய பென்ஷனை அக்னிபத் தொடவில்லை.

உயிரிழந்தவன் கணக்கு ஒன்று பாக்கியிருக்கிறது. அக்னிவீர் கடமையில் மாண்டால் இன்ஷ்யூரன்ஸ் 48 லட்சம், கருணைத்தொகை 44 லட்சம், மிச்சமிருக்கும் காலத்துக்குச் சம்பளம், சேவா நிதி ஆகியவை குடும்பத்துக்கு வரும். தொகை சிறிதன்று, சிறிதென்று நாமும் சொல்லவில்லை. ஆனால் நிரந்தரச் சிப்பாய் போரில் மாண்டால் அவன் மனைவிக்குக் கடைசியாக வாங்கிய சம்பளத்துக்குச் சமமான குடும்ப பென்ஷன் மாதாமாதம் உண்டு. மணமாகாதவனாயின் பெற்றோருக்கு அதில் ஒரு பங்கு உண்டு. அக்னிவீரின் பெற்றோருக்கு அது இல்லை. ஒரே பதுங்குகுழியில், ஒரே குண்டுக்கு இருவரும் மடிந்தாலும் இந்த வித்தியாசம் நிற்கும். அங்கஹீனப்பட்டவன் கதி இன்னும் பரிதாபம். ஊனம் 100க்கு 100 ஆனால் 44 லட்சம், 75 ஆனால் 25 லட்சம், 50 ஆனால் 15 லட்சம், ஒரே தடவை. இருபது வயதில் ஒரு காலை இழந்தவன் பதினைந்து லட்சத்தைக் கொண்டு இன்னும் ஐம்பது வருஷம் மலைச்சரிவில் வாழவேண்டும். ஆயுட்கால ஊன பென்ஷன் நிரந்தரச் சிப்பாய்க்கே உரியது.

கல்வியறிவில்லாத குடும்பத்துக்குப் பெருந்தொகையை ஒரே நாளில் கொடுப்பதற்கும் மாதாமாதம் கொடுப்பதற்கும் உள்ள பேதம் கிராமத்தை அறிந்தவர்களுக்குத் தெரியும். பணம் வந்த மறுநாளே உறவு முளைக்கும், சீட்டுக்காரன் வருவான், மனை விற்பவன் வருவான். பென்ஷனை ஒரே நாளில் யாரும் தின்றுவிட முடியாது.

ஜவ்வாது மலையின் தென்மேற்கே, செங்கம் வட்டாரத்தில், பல்லவர் காலத்து நடுகற்கள் ஏராளமாகக் கிடைத்திருக்கின்றன. ஆநிரை மீட்டு மாண்டவனுக்கும் ஊர் காத்து விழுந்தவனுக்கும் நட்ட கற்கள். அந்த நாளில் கல்லோடு விட்டுவிடவில்லை. மாண்டவன் குடும்பத்துக்கு நிலம் கொடுத்தார்கள். அந்த நிலத்துக்கு நெய்த்தோர்ப்பட்டி என்றும் உதிரப்பட்டி என்றும் கல்வெட்டுக்களில் பேர் காண்கிறோம். நெய்த்தோர் என்றால் இரத்தம். இரத்தத்துக்கு ஈடாகக் கொடுத்த அந்த நிலம் விளைந்துகொண்டே இருக்கும், பிள்ளைக்கும் சேரும். சிற்றரசர்கள் காலத்துச் சிறிய ஊர்களுக்குத் தெரிந்த இந்த நியாயம், உலகத்தின் பெரும்படைகளில் ஒன்றை வைத்திருக்கும் குடியரசுக்குத் தெரியாதா? பார்லிமெண்டின் பாதுகாப்பு நிலைக்குழுவே 2024ல், கடமையில் மாண்ட அக்னிவீரின் குடும்பத்துக்கு நிரந்தரச் சிப்பாயின் குடும்பத்துக்குரிய எல்லாச் சலுகைகளும் வேண்டும் என்று சிபாரிசு செய்திருக்கிறது. எதிர்க்கட்சி மேடைப் பேச்சன்று இது. சர்க்கார் கட்சியினரும் பெரும்பான்மையாக உட்கார்ந்திருக்கும் குழுவின் எழுத்து. இதைத் தாமதமின்றி ஏற்க வேண்டும் என்பது நமது முதற்கோரிக்கை. இதனால் கஜானா திவாலாகிவிடாது. மாண்டவர் தொகை கோடிக்கணக்கன்று.

முதல் தொகுதியினர் 2022 இறுதியிலும் 2023 தொடக்கத்திலும் பயிற்சிக்குப் போனவர்கள். ஆகவே அவர்களுடைய நான்கு வருஷத்துக்கு முடிவு 2026 இறுதி, 2027 தொடக்கம். இருபத்திரண்டு, இருபத்துமூன்று வயதில், துப்பாக்கி பிடிக்கவும் மலையேறவும் கட்டளைக்குக் கீழ்ப்படியவும் பழகிய வாலிபர்கள் ஊர்களுக்குத் திரும்பும் காலம் அது. மத்தியத் துணைப்படைகளில் அவர்களுக்கு 100க்கு 10 இடம் ஒதுக்குவதாக 2022லேயே அறிவித்தார்கள். நல்லது. ஆனால் அறிவிப்பு வேறு, உத்தரவுச் சீட்டு வேறு. மலைக்குத் திரும்புபவனைப் பொறுத்தவரை இன்னொரு யோசனையும் நமக்கு உண்டு. அந்த மலையின் காடுகளைக் காக்க அவனைவிடத் தகுந்தவன் யார்? வனக்காவலர் வேலைகளில் பழங்குடி அக்னிவீரர்களுக்கு ஒரு பங்கு வைப்பது மாகாண சர்க்காரால் ஆகக்கூடிய காரியம். அதைச் செய்யாவிட்டால், செம்மரத் தரகர்கள் அவனைத் தேடி வருவார்கள். பயிற்சி பெற்ற உடம்புக்கு அவர்கள் முன்னைவிட அதிக விலையே கொடுப்பார்கள்.

இதையெல்லாம் கேட்டுவிட்டு, அப்படியானால் மலைப் பிள்ளைகள் பட்டாளத்தில் சேர வேண்டாம் என்கிறீர்களா என்று யாரேனும் வினவலாம். அப்படி நாம் சொல்லவில்லை. கையில் 21,000 ரூபாயும், வயிறார உணவும், நான்கு வருஷம் கழித்து ஒரு முதலும் ஒரு மலைக் குடும்பத்துக்கு அற்பமல்ல. கிணறு வெட்டலாம், தங்கையைப் படிக்க வைக்கலாம், அடமான நிலத்தை மீட்கலாம். சேஷாசல வனத்துக் கோடரியைவிட இது ஆயிரமடங்கு மேல். சேருகிறவன் கணக்கை முழுவதும் பார்த்துச் சேரட்டும் என்பதே நம் வாதம். நான்கு வருஷம் கழித்துத் திரும்பி வரப்போகிறவன் என்று எண்ணியே குடும்பம் திட்டம் போட வேண்டும். தங்கிவிடும் நான்கில் ஒருவன் நம் பிள்ளைதான் என்று எண்ணிக் கடன் வாங்கக் கூடாது. சேவா நிதி வரும் முன்பே அதைக் காட்டிக் கல்யாணம் பேசுவதும் கூடாது. இன்ஷ்யூரன்ஸ் பத்திரத்தில் யார் பேர் எழுதியிருக்கிறது, வங்கிக் கணக்கு யார் பேரில் என்பவற்றைச் சேரும் நாளிலேயே குடும்பத்தார் தெரிந்துகொள்ள வேண்டும். துக்கம் வந்த நாளில் தேட முடியாது.

ஆள் சேர்க்கும் அதிகாரிகள் செய்ய வேண்டியது ஒன்றுதான். ஜமுனாமரத்தூர் ஒன்றிய அலுவலகத்திலும், மலையிலுள்ள ஒவ்வொரு பஞ்சாயத்திலும், ஒரே பக்கத்தில் தமிழில் அச்சிட்ட கணக்குத் தாள் ஒன்றை ஒட்டட்டும். ஏட்டில் எவ்வளவு, பிடித்தம் எவ்வளவு, கையில் எவ்வளவு. நான்கு வருஷம் முடிந்தால் என்ன உண்டு, என்ன இல்லை. கால் போனால் என்ன, உயிர் போனால் என்ன. பென்ஷன் இல்லை என்ற வரியைச் சிறிய எழுத்தில் அடிக்குறிப்பாகப் போடாமல் மற்ற வரிகளின் அளவிலேயே போட வேண்டும்.

சர்க்கார் செய்யும்வரை நமது தேசத் தொண்டர்கள் காத்திருக்க வேண்டுவதில்லை. ஜனவரி 26, மே 1, ஆகஸ்டு 15, அக்டோபர் 2 ஆகிய நாட்களில் கிராம சபை கூடுகிறது. திருவண்ணாமலை, வேலூர், திருப்பத்தூர் ஜில்லாக்களின் ஊழியர்கள் அடுத்த கிராம சபைக்கு மலையேறிப் போய், மேற்கண்ட எண்களைப் பெற்றோர்கள் முன்னே நிதானமாகப் படித்துக் காட்டட்டும். அங்கேயே, மாண்ட அக்னிவீரின் பெற்றோருக்குக் குடும்ப பென்ஷன் வேண்டும் என்ற தீர்மானத்தையும் நிறைவேற்றி, ஜில்லா கலெக்டருக்கும் அத்தொகுதிப் பார்லிமெண்ட் அங்கத்தினருக்கும் அனுப்பி வைக்கட்டும்.